காளை முன் நிற்கும் வாலிபன்

வாடிவாசலுக்கு எதிரே வெறுங்கையுடன் நிற்கும் வாலிபனைப் பித்தன் என்று ஏசுவோர் நம்மிடையே உண்டு. அரியலூர், பெரம்பலூர் ஜில்லாக்களில் தை பிறந்துவிட்டால் இவ்வசை மிகுதியாகக் கேட்கும். நாம் அவ்வாறு ஏச ஒருப்படோம்.

ரெட்டிபாளையத்தைச் சுற்றிச் சிமெண்டுக்காகச் சுண்ணாம்புக்கல் வெட்டும் பூமியிலே, ஆறரைக் கோடி ஆண்டுகளுக்கும் முன்னே இங்கிருந்த கடலின் சிப்பிகள் கல்லாய்ச் சமைந்து கிடக்கின்றன. ஓட்டுக்குள் ஒடுங்கி உயிர் காத்த ஜந்துக்கள் அவை. மனிதனுக்கு ஓடும் இல்லை, கொம்பும் இல்லை. அதிரம்பாக்கத்துக் கற்கருவிகள் சுமார் 15 லட்சம் ஆண்டுப் பழமையுடையவை என்று 2011-ல் அறிஞர் வெளியிட்டனர். அத்தகைய கல்லை ஏந்தி மிருகத்தை அணுகியவன் அபாயத்தை விலை கொடுத்தே ஆகாரம் பெற்றிருப்பான். அவன் சந்ததியாரே நாம்.

வயிற்றுக்காக மட்டுமா? துணிவு பிறர் காணச் செய்யப்படுவது. வீண்போல் தோன்றும் ஆபத்தைத் தாங்கி நிற்பதே உடல் வலிமைக்குப் பொய்யாத சாட்சி என்று அமோட்ஸ் ஸஹாவி என்ற இஸ்ரேலியப் பண்டிதர் 1975-ல் எழுதினார். ஆஸ்திரேலியாவில் சக்கரப்பலகை ஓட்டும் இளைஞரைச் சோதித்து 2010-ல் வெளியிட்ட ஆராய்ச்சி ஒன்று, அழகிய பெண்ணொருத்தி பார்த்திருக்கையில் அவர்கள் அதிக அபாயத்துக்குத் துணிந்தனர் என்று கண்டது. இதற்கு ஆஸ்திரேலியா வரை போக வேண்டுமோ? ஏறு தழுவியவனுக்கே மகட்கொடை என்ற வழக்கை முல்லைக்கலி நெடுங்காலத்துக்கு முன்பே காட்டியிருக்கிறது! தோழர்கள் சூழ நின்றாலே இளைஞரின் துணிச்சல் ஏறுகிறது என்பதை 2005-ல் அமெரிக்க ஆராய்ச்சியாளரும் காட்டினர். பரணில் இருந்து ஆரவாரிக்கும் நாமும் அத்துணிச்சலுக்கு உடந்தையே.

இயற்கை தந்தது என்பதனாலேயே ஒன்று நியாயமாகிவிடாது. கொம்பு பட்ட குடல் பரிணாம தத்துவத்தால் ஆறுவதில்லை. 2014 மே மாதம் உச்ச நீதிமன்றம் ஜல்லிக்கட்டைத் தடுத்தது. 2017-ல் மெரினாவில் வாலிபர் திரண்டனர். அவ்வாண்டே சட்டம் திருத்தப்பட்டது. 2023 மே 18-ல் அதே நீதிமன்றம் திருத்தத்தை ஏற்றது. விளையாட்டு மீண்டது. திமிலை அன்றிக் கொம்பையோ வாலையோ பிடிக்கலாகாது, வீரருக்கு வைத்தியப் பரிசோதனை வேண்டும், பார்வையாளருக்கு வேலி வேண்டும் என்ற விதிகளும் உடன் வந்தன.

பதினெட்டு வயதுப் பிள்ளையிடம் நிதானத்தை எதிர்பார்த்து வேலியைத் தளர்த்திக் கட்டுவது விழா நடத்துவோர் செய்யும் பெரும் பிழை. அவனுக்கு இல்லாத நிதானம் அவர்களுக்கு இருக்க வேண்டும். மாடு பிடிக்கும் திடலில் வைத்தியரும் வண்டியும் வந்து நிற்கும் வரை முதற்காளையை அவிழ்க்கலாகாது.