அடுத்தவர் ஆசையைச் சுமந்து ஊர் ஊராகப் போன கலைஞர்: யார் இந்த எமிலி ஜாசிர்?

அம்மாவின் கல்லறை ஜெருசலேமில். மகன் இருப்பது பெத்லகேமில். நடுவில் சுமார் 10 கிலோமீட்டர்தான். ஆனா, இஸ்ரேலின் அனுமதி கிடைக்காததால் அந்த மகனால் போக முடியல. அம்மாவின் பிறந்தநாளன்று பூ வைத்து வேண்டிக்கொள்ள அவருக்குப் பதிலாகப் போனவர்தான் எமிலி ஜாசிர். உறவுக்காரர் இல்ல, ஒரு கலைஞர்!

யார் இவர்?

பெத்லகேமைச் சேர்ந்த பாலஸ்தீனக் குடும்பத்தில் பிறந்தவர். கையில் இருந்தது அமெரிக்க பாஸ்போர்ட். பாலஸ்தீனர்கள் பலருக்கும் மூடிக் கிடந்த சோதனைச் சாவடிகளை, அந்த பாஸ்போர்ட்டைக் காட்டி இவரால் கடக்க முடிந்தது.

அப்படி என்ன செய்தார்?

2001 முதல் 2003 வரை, சொந்த மண்ணுக்குப் போக முடியாமல் வெளிநாட்டில் இருக்கும் பாலஸ்தீனர்களிடமும், உள்ளேயே இருந்தும் நடமாட முடியாதவர்களிடமும் ஒரே கேள்வியைக் கேட்டார். பாலஸ்தீனத்தில் உங்களுக்காக நான் எதையாவது செய்யலாம் என்றால், என்ன செய்யட்டும்?

வந்த பதில்களில் பெரிய அரசியல் கோரிக்கை எதுவும் இல்ல. ஹைஃபா தெருவில் முதலில் கண்ணில் படும் பாலஸ்தீனச் சிறுவனோடு கால்பந்து ஆடணும். அப்பா அம்மாவின் ஊர்த் தண்ணீரைக் குடிக்கணும். ஜெருசலேம் தபால் நிலையத்தில் போன் பில் கட்டணும். நமக்கெல்லாம் யோசிக்காமல் செய்யுற வேலைகள். அவர்களுக்கோ ஆள் அனுப்ப வேண்டிய வேலைகள்.

சரி, இதுல கலை எங்க இருக்கு?

பெர்ஃபார்மன்ஸ் ஆர்ட் என்றால் மேடை, வேஷம், வசனம் இருந்தே ஆகணும்னு இல்ல. கலைஞர் செய்யும் செயலே படைப்பு. ஜாசிர் ஒவ்வொரு வேண்டுகோளையும், அதைக் கேட்டவர் ஏன் நேரில் போக முடியலங்கிற காரணத்தையும் அரபியிலும் ஆங்கிலத்திலும் எழுதி மாட்டினார். பக்கத்திலேயே அதை நிறைவேற்றியதற்கான புகைப்படம். கல்லறைப் படத்தில் ஜாசிரின் நிழல் மட்டும் விழுந்திருக்கும். அங்கே நிற்க வேண்டிய மகன் படத்தில் இல்லை. ஆசை நிறைவேறியும் ஏக்கம் தீராது என்பதைத்தான் இந்தப் படைப்பு காட்டுது.

கூடாரத்தில் 418 ஊர்கள்

2001-ல் செய்த இன்னொரு படைப்பு, ஓர் அகதிக் கூடாரம். 1948-ல் அழிக்கப்பட்ட, மக்கள் வெளியேற்றப்பட்ட 418 பாலஸ்தீனக் கிராமங்களின் பெயர்களைத் துணியில் தைப்பதுதான் திட்டம். நியூயார்க்கில் தன் பணியிடத்தைத் திறந்துவைத்து, யார் வேண்டுமானாலும் வந்து தைக்கலாம் என்றார். அந்தக் கிராமங்களைச் சேர்ந்த பாலஸ்தீனர்கள் வந்தார்கள். அதே கிராமங்களின் இடிபாடுகள் மேல் வளர்ந்த இஸ்ரேலியர்களும் வந்தார்கள். வரைபடத்தில் இருந்து மறைந்துபோன ஊர்ப் பெயர்கள், ஊசி நூலோடு மறுபடியும் வாய்விட்டுச் சொல்லப்பட்டன.

அங்கீகாரம் கிடைத்ததா?

2007-ல் வெனிஸ் பினாலே கண்காட்சியில், 40 வயதுக்குட்பட்ட கலைஞருக்கான தங்கச் சிங்கம் விருது. 2008-ல் ஹியூகோ பாஸ் பரிசு. போன் பில்லும் கல்லறைப் பூவும் இடம்பெற்ற அந்தப் படைப்பு, இப்போது சான் பிரான்சிஸ்கோ நவீனக் கலை அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது.