இறகு பிடுங்கும் கோழிகள்: அலகுக்கு வேலை கொடுங்கள்

கொட்டகையில் அடைத்து வளர்க்கப்படும் முட்டைக் கோழிகள் சில சமயம் ஒன்றையொன்று கொத்தி இறகுகளைப் பிடுங்குவதுண்டு. ஒன்றிரண்டு கோழிகள் இதைத் தொடங்கினால் மற்றவையும் பார்த்துப் பழகிக்கொள்ளும். தோல் கிழிந்து இரத்தம் தெரிந்துவிட்டால் அந்தக் கோழியை மற்றவை கொத்தியே கொன்றுவிடும். உயிர் தப்பினாலும் நட்டமே. இறகிழந்த கோழியின் உடல் சூடு வீணாவதால் அது கூடுதலாகத் தீவனம் தின்னும்.

இறகு உதிரும் பருவத்தை இதனுடன் குழப்பிக்கொள்ளக் கூடாது. அப்பருவத்தில் புதிய இறகுக் குருத்துகள் முளைக்கும். முட்டையிடுவது குறையும் அல்லது நிற்கும். முதுகிலும் வாலடியிலும் முறிந்த இறகுகளும் காயங்களும் காணப்பட்டால் அது கொத்துப்பட்டதன் அடையாளம்.

காரணம் என்ன?

காட்டுக்கோழி பகல் பொழுதில் பாதிக்கு மேல் தரையைக் கிளறி இரை தேடுவதில் கழிக்கிறது. வீட்டுக் கோழிக்கும் இந்த இயல்பு மாறவில்லை. கொட்டகையில் தீவனத்தைத் தின்று முடித்ததும் அதற்கு வேறு வேலை இல்லை. கிளற எதுவும் கிடைக்காதபோது அடுத்த கோழியின் இறகைக் கொத்துகிறது. இட நெருக்கடி, கடும் வெளிச்சம், தீவனத்தில் புரதமும் உப்பும் குறைவது, பேன் தொல்லை ஆகியவை இதை அதிகமாக்கும்.

தடுக்கும் முறைகள்

ஆழ்கூளத்தை அடிக்கடி கிளறி, கட்டியாகாமல் உலர்வாக வைக்க வேண்டும். மாலையில் கம்பு அல்லது சோளத்தைச் சிறிதளவு கூளத்தில் தூவினால் கோழிகள் கிளறிப் பொறுக்கும். வேலிமசால் தழைகளைக் கொத்தாகக் கட்டிக் கோழியின் தலை உயரத்தில் தொங்கவிடலாம். தூள் தீவனத்தைத் தின்ன அதிக நேரம் பிடிப்பதால் அதுவும் உதவும்.

கோழி ஒன்றுக்கு 2 சதுர அடி இடமும், 5 கோழிகளுக்கு ஒரு முட்டையிடும் பெட்டியும் தேவை. பெட்டியை இருட்டான மூலையில் வைக்க வேண்டும். நேர் வெயில் விழும் பக்கத்தில் ஓலைத் தட்டி கட்டலாம்.

காயம்பட்ட கோழியை உடனே பிரித்து, காயத்தில் வேப்பெண்ணெய் தடவி, ஆறிய பின்னரே மற்றவற்றுடன் விட வேண்டும்.

அலகு வெட்டுவதால் காயத்தின் கடுமை குறையும். ஆனால் கொத்தும் காரணம் நீங்காது. எனவே கோழி வளர்ப்போர் இட நெருக்கடியையும் கூளத்தையும் தீவனத்தையும் முதலில் சரிசெய்வது நல்லது.