வாசலில் காவலர் நின்றால் உரிமை கிடைத்துவிடுமா?

சட்டம் பயிலும் நான், இந்தியத் தீர்ப்புகளில் அடிக்கடி சந்திக்கும் ஒரு சிக்கல் இது. ஒரு கட்டடத்துக்கு இருவர் உரிமை கோருகின்றனர். மிரட்டலுக்கு அஞ்சி, அங்கே கடை நடத்துபவரால் கதவைத் திறக்க முடிவதில்லை. தினமும் நட்டம். அவர் அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் மனு செய்து, போலீஸ் பாதுகாப்பு கேட்கலாம்.

வன்முறையைத் தடுப்பது போலீசாரின் கடமை. அதைச் செய்யும்படி நீதிமன்றம் உத்தரவிடலாம். ஆனால், சொத்து யாருடையது என்பதை அந்த உத்தரவு தீர்மானிக்காது. உரிமையே சர்ச்சையில் இருந்தால், முதலில் சிவில் நீதிமன்றத்தில் அதை நிலைநாட்ட வேண்டும் என்று, கேரளாவிலிருந்து வந்த ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் 2006இல் தெளிவுபடுத்தியது.

காரணம் எளிது. இத்தகைய மனுக்கள் பெரும்பாலும் சத்தியப் பிரமாணங்களைக் கொண்டே விசாரிக்கப்படுகின்றன. பத்திரம் போலியா என்பதை அறிய, சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்ய வேண்டும். அதற்குமுன் ஒருவர் பக்கம் போலீசை நிறுத்தினால், வழக்கு நடக்காமலேயே அவர் வென்றுவிடுவார். பாதுகாப்பு, கடையைத் திறக்க உதவட்டும். தீர்ப்பைச் சான்றுகள் சொல்லட்டும்.