வீடு தேடி வந்த வேலை

அமெரிக்க இதழாளரான ஆல்வின் டாப்ளர், மாறிவரும் உலகைக் கூர்ந்து நோக்கி எழுதியவர். 1970-இல் 'எதிர்கால அதிர்ச்சி' என்னும் நூலையும், 1980-இல் 'மூன்றாம் அலை' என்னும் நூலையும் அவர் வெளியிட்டார். ஆலைக்கும் அலுவலகத்திற்கும் சென்ற வேலை, மின்னணுக் கருவிகளின் துணையால் மீண்டும் இல்லத்திற்கே வந்து சேரும் என்பது இரண்டாம் நூலில் அவர் கூறிய கருத்துகளுள் ஒன்று. அத்தகைய இல்லத்தை அவர் 'மின்னணுக் குடிசை' என்றார். 2020-இல் கொள்ளைநோய் பரவியபோது, படித்தோர் பலர் வீட்டிலிருந்தே பணியாற்றியதை நாம் கண்டோம்.

ஆனால் நம் பகுதியில் வேலை வீடு தேடி வந்த கதை வேறு.

வேலூருக்குத் தெற்கே, சவ்வாது மலையடிவாரத்தில் அமைந்தது அமிர்தி. இத்தகைய மலைக்காடுகள் தந்த கடுக்காயும், சமவெளியின் ஆவாரம்பட்டையும் ஒரு காலத்தில் தோல் பதனிடுவதற்கு இன்றியமையாதவை. 1970-களில் நடுவண் அரசு அரைகுறையாகப் பதனிட்ட தோலின் ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தியது. அதன் பின்னரே ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டைப் பகுதிகளில் காலணி ஆலைகள் பெருகின. ஆடவர் மிகுந்திருந்த தொழிலில் இளம்பெண்கள் ஆயிரக்கணக்கில் சேர்ந்தனர். பாலாறு மாசுற்ற வழக்கில் 1996-இல் உச்சநீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு, பதனிடும் ஆலைகளின் போக்கையும் மாற்றியது.

ஆலைக்குள் நடந்த வேலையில் ஒரு பகுதி, நாளடைவில் ஆலையை விட்டு வெளியேறியது. காலணியின் மேற்பகுதியைக் கையால் தைக்கும் வேலையை முகவர்கள் வீடுகளுக்குக் கொணர்ந்தனர். ஆம்பூர்ப் பகுதியில் தாய்மார்கள் திண்ணையில் அமர்ந்து, சோடிக்கு இவ்வளவு என்னும் கூலிக்குத் தைக்கின்றனர். பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டே நாலு காசு சம்பாதிக்கலாம் என்பது உண்மையே. ஆயினும் சேமநிதி இல்லை, ஈ.எஸ்.ஐ. மருத்துவ உதவி இல்லை. விரலில் ஊசி ஏறினால் கேட்பாரில்லை. தைத்த காலணியோ கடல் கடந்து செல்கிறது. 2025 ஆகஸ்டில் அமெரிக்கா இந்தியப் பொருள்களின் மீது 50 விழுக்காடு வரி விதித்தபோது, தோல் தொழிலே கலங்கிற்று. அத்தகைய காலங்களில் முதலில் வேலை இழப்பவர் எந்தப் பதிவேட்டிலும் பெயர் இல்லாதவரே.

நம் இளைஞர்களின் நிலையும் இதற்கு வெகுதூரத்தில் இல்லை. கைப்பேசிச் செயலி ஏவ, உணவுப் பொட்டலத்தைச் சுமந்து இருசக்கர வாகனத்தில் விரையும் தம்பிக்கு முதலாளி யார்? அவன் 'பங்காளி' என்று அழைக்கப்படுகிறான். இலாபத்தில் அவனுக்குப் பங்கில்லை.

1891-இல் திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் தொழிலாளர் உரிமை குறித்துத் திருமடல் வரைந்தார். வேலை மனிதனுக்காகவே உள்ளது, மனிதன் வேலைக்காக அல்லன் என்று 1981-இல் இரண்டாம் அருள் சின்னப்பர் கற்பித்தார். 2025-இல் பொறுப்பேற்ற பதினான்காம் லியோ, தாம் அந்தச் சிங்கராயரின் பெயரைத் தேர்ந்ததற்குக் காரணம் கூறுகையில், செயற்கை நுண்ணறிவு கொணரும் புதிய தொழிற்புரட்சியைச் சுட்டிக்காட்டினார்.

பெற்றோராகிய நாம் செய்யக்கூடியது என்ன? மகனோ மகளோ வேலைக்குச் செல்லும்போது, "சம்பளம் எவ்வளவு?" என்பதோடு நிறுத்திவிடுகிறோம். இன்னும் மூன்று கேள்விகளைக் கேட்போமாக. வேலை கொடுப்பவர் யார்? விபத்து நேர்ந்தால் பொறுப்பேற்பவர் யார்? முதுமைக்குச் சேர்வது என்ன?

இக்கேள்விகளுக்குச் சட்டத்திலும் ஓரளவு விடை உண்டு. 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்த தொழிலாளர் சட்டத் தொகுப்புகள், தொழிலாளர்க்கு நியமனக் கடிதம் தரப்பட வேண்டும் என்கின்றன. செயலிவழிப் பணியாளரையும் சமூகப் பாதுகாப்பின் வரம்புக்குள் கொணர்கின்றன. 2021-இல் தொடங்கிய இ-ஷ்ரம் பதிவில், சேமநிதியும் ஈ.எஸ்.ஐ.யும் இல்லாத 16 முதல் 59 வயதுக்குட்பட்ட தொழிலாளர் கட்டணமின்றிப் பெயர் பதியலாம். காலணி, தோல் தொழிலாளருக்கெனத் தமிழகத்தில் தனி நலவாரியமும் உண்டு.

ஞாயிறு திருப்பலி முடிந்தபின், படித்த இளைஞர் நால்வர் ஒரு மணிநேரம் அமர்ந்தால், பங்கிலுள்ள தையல்காரத் தாய்மார்களின் பெயர்களைப் பதிந்துவிடலாம். வேலை வீட்டிற்கு வந்துவிட்டது. அதற்குரிய உரிமையையும் அழைத்து வருவது நம் கடமையன்றோ?