சட்டமன்றத்தில் போதகர்: அழைப்பும் எல்லையும்

குன்னூரை அடுத்த ஒரு தேயிலைத் தோட்டச் சபையில் அடியேன் இளம் போதகராகப் பணியாற்றிய நாட்களில், ஓர் ஓய்வுநாள் ஆராதனைக்குப் பின் சபை மூப்பர் நால்வர் போதகர் இல்லத்திற்கு வந்தனர். அவர்களுள் இருவர் 1964ஆம் ஆண்டின் சிறிமாவோ–சாஸ்திரி உடன்படிக்கையின்படி இலங்கையிலிருந்து தாயகம் திரும்பிய குடும்பங்களைச் சேர்ந்தவர்கள். “வரும் தேர்தலில் ஐயா நிற்க வேண்டும். லயன் வீட்டுக் கூரை ஒழுகுவதை ஐயாவைப்போல் அறிந்தவர் யார்? மனு எழுதிக் கொடுப்பதும் ஐயாதானே!” என்றனர். “அரசியல் சேறு, குருத்துவ அங்கி அதில் படலாகாது” என்று விடை கூறி, ஜெபித்து அனுப்பிவிட்டேன்.

அன்று நான் எடுத்த முடிவு சரியானதாக இருக்கலாம். ஆனால் அதற்கு நான் கூறிய காரணம் தவறானது என்பதை ஆண்டுகள் செல்லச் செல்ல உணர்ந்தேன். இறையியல் மாணவர்கள் இவ்வினாவை இன்றும் எழுப்புகின்றனர். ஆகவே, போதகர் ஒருவர் சட்டமன்ற உறுப்பினராகலாமா என்பதைச் சட்டம், வரலாறு, திருமறை ஆகிய மூன்றின் ஒளியிலும் ஆராய்வது நலம்.

1. சட்டம் கூறுவது

இந்திய அரசியலமைப்பின் 173ஆம் உறுப்பு, சட்டப்பேரவைக்குப் போட்டியிடுவோர் இந்தியக் குடிமக்களாகவும் இருபத்தைந்து வயது நிறைந்தோராகவும் இருக்கவேண்டும் என்கிறது. தகுதியின்மைகளை 191ஆம் உறுப்பு வகுக்கிறது. இவ்விரண்டிலும் குருப்பட்டம் ஒரு தடையாகக் கூறப்படவில்லை. பூசாரியும் மௌலவியும் பிக்குவும் போதகரும் இந்நாட்டில் வேட்பாளராகலாம்.

ஆனால் போதகர் தமக்கே உரிய ஓர் ஆபத்தைச் சட்டத்தில் சந்திக்கிறார். 1951ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 123ஆம் பிரிவில் ‘ஊழல் நடவடிக்கைகள்’ எவை என விளக்குகிறது. சமயத்தின் பெயரால் வாக்குக் கேட்பது அவற்றுள் ஒன்று. இன்னாருக்கு வாக்களிக்காவிடில் தெய்வத்தின் சினத்திற்கு ஆளாவாய் என்றோ, ஆவிக்குரிய கண்டனத்திற்கு உட்படுவாய் என்றோ வாக்காளரை நம்பச் செய்வது மற்றொன்று. 1959இல் ராம் தயாள் எதிர் சந்த் லால் வழக்கில், சீக்கிய நாம்தாரி சமூகத்தின் குரு தம் அடியாருக்கு விடுத்த தேர்தல் கட்டளையை உச்ச நீதிமன்றம் தகாத செல்வாக்கெனக் கருதிற்று. 2017 சனவரியில், அபிராம் சிங் வழக்கில், எழுவர் கொண்ட ஆயம் நால்வர் பெரும்பான்மையால் இத்தடையை மேலும் விரித்தது. வேட்பாளரின் சமயத்தைச் சுட்டுவது மட்டுமன்றி, வாக்காளரின் சமயத்தைச் சுட்டி வாக்குக் கேட்பதும் குற்றம் என்று அத்தீர்ப்பு கூறுகிறது. வழிபாட்டிடங்களை அரசியல் நடவடிக்கைகளுக்குப் பயன்படுத்துவதை 1988ஆம் ஆண்டுச் சட்டம் தனியே தடை செய்கிறது.

இதன் பொருளை நாம் நன்கு எண்ணிப் பார்க்கவேண்டும். போதகர் என்னும் பெயரால் ஒருவருக்குக் கிடைத்துள்ள நம்பிக்கை, திருவிருந்துப் பந்தியில் அவர் கொண்டுள்ள அதிகாரம், மரணப் படுக்கையருகில் அவர் சொல்லிய சொற்கள் இவையனைத்தும் வாக்காளர் உள்ளத்தில் உண்டு. அவற்றை அவர் வாக்காக மாற்றலாகாது. பிற வேட்பாளருக்கு இல்லாத இச்சுமை போதகருக்கு உண்டு.

நீலகிரியில் மற்றொரு தடையும் உள்ளது. மாவட்டத்தின் மூன்று சட்டமன்றத் தொகுதிகளுள் உதகமண்டலமும் குன்னூரும் பொதுத் தொகுதிகள். 2008ஆம் ஆண்டுத் தொகுதிச் சீரமைப்பு கூடலூர்த் தொகுதியைப் பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கியது. நீலகிரி மக்களவைத் தொகுதியும் அவ்வாறே ஒதுக்கப்பட்டது. 1950ஆம் ஆண்டின் பட்டியல் சாதிகள் ஆணை முதலில் இந்துக்களுக்கும், 1956முதல் சீக்கியருக்கும், 1990முதல் பௌத்தருக்குமே இத்தகுதியை அளிக்கிறது. தலித் கிறித்தவர் ஒருவர், போதகரானாலும் கொழுந்து பறிப்பவரானாலும், தம் சொந்த மலையின் இத்தொகுதிகளில் வேட்பாளராக இயலாது. இத்தகைய வழக்கொன்று, தமிழர் மிகுந்த தோட்டங்களைக் கொண்ட தேவிகுளம் தொகுதியில் எழுந்தது. அங்கு 2021இல் வெற்றி பெற்றவர் கிறித்தவர் என்னும் காரணத்தால் கேரள உயர் நீதிமன்றம் 2023இல் அவர் தேர்தலைச் செல்லாததாக்கியது. உச்ச நீதிமன்றம் 2025 மே மாதத்தில் அத்தீர்ப்பை நீக்கித் தேர்தலை நிலைநிறுத்தியது. பழங்குடியினருக்கான ஆணையில் இத்தகைய சமயத் தடை இல்லை. ‘போதகர் நிற்கலாமா’ என்று வினவுமுன், தம் சபையாரில் பலர் நிற்கவே இயலாத நிலையைப் போதகர் அறிந்திருத்தல் வேண்டும்.

2. பிற நாடுகளின் அனுபவம்

இங்கிலாந்தில் 1801ஆம் ஆண்டுச் சட்டம் குருப்பட்டம் பெற்றோரைப் பொதுமக்கள் அவையிலிருந்து விலக்கியது. 2001வரை அத்தடை நீடித்தது. அதே நாட்டில் 26 பேராயர்கள் பிரபுக்கள் அவையில் பதவியின் பெயராலேயே அமர்ந்தனர் என்பது விந்தை.

அமெரிக்காவில் பல மாநிலங்கள் தொடக்கத்தில் குருமாரைச் சட்டமன்றத்திலிருந்து விலக்கின. ஜெபர்சன் 1783இல் வரைந்த திட்டத்தில் இத்தடை இருந்தது. மாடிசன் அதனை மறுத்து, ஒருவர் மேற்கொண்ட சமயப் பணிக்காக அவருடைய குடியுரிமையைப் பறிப்பது தண்டனையாகாதா என வாதிட்டார். டென்னசி மாநிலத்தின் 1796ஆம் ஆண்டுத் தடை ஏறத்தாழ இரு நூற்றாண்டு நிலைத்தது. 1977இல் அரசியலமைப்புப் பேரவைக்குப் போட்டியிட்ட பால் மெக்டேனியல் என்னும் பாப்திஸ்து போதகருக்கு எதிராக அத்தடை எடுத்துக்காட்டப்பட்டது. 1978இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அதனைச் செல்லாததாக்கியது.

பாப்திஸ்து மரபினர் இங்கு நம் கவனத்திற்கு உரியவர். அரசு மனச்சாட்சியின்மேல் அதிகாரம் செலுத்தலாகாது என்று 1612இல் எழுதிய தாமஸ் ஹெல்விஸ் சிறையில் அடைக்கப்பட்டார். திருச்சபையும் அரசும் தனித்தனியே நிற்கவேண்டும் என்பதில் இத்தனை உறுதி கொண்டோர், தம் போதகரைச் சட்டமன்றத்திற்கு அனுப்புவது முரண்பாடன்றோ? இதற்கு விடையாக ஜான் லேலண்டின் வாழ்வைக் காட்டலாம். விர்ஜீனியாவில் மாடிசனோடு சமய உரிமைக்காக உழைத்த இப்பாப்திஸ்து போதகர், 1811இல் மாசசூசெட்ஸ் மாநிலச் சட்டமன்றத்தில் உறுப்பினரானார். மக்களிடம் கட்டாயமாகத் தண்டப்பட்ட சபை வரியை எதிர்ப்பதே அவர் நோக்கம். தம் சபைக்குச் சலுகை தேட அவர் அங்குச் செல்லவில்லை. எச்சபைக்கும் சலுகை வேண்டாம் என்று கூறவே சென்றார். சட்டமன்றத்தில் அவர் தங்கிய காலம் குறுகியது. கட்டாய வரி 1833இல் அம்மாநிலத்தில் முற்றிலும் ஒழிந்தது.

3. மலைநாட்டுப் போதகர் ஒருவர்

நம் நாட்டில் இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு அருள்திரு ஜே. ஜே. எம். நிக்கோல்ஸ் ராய். அவர் பாப்திஸ்து அல்லர். காசி மலைகளில் தேவ சபையை நிறுவிய போதகர். 1884இல் ஷெல்லாவில் பிறந்த காசி பழங்குடியினர். இரட்டையாட்சிக் காலத்தில், 1921இல் அஸ்ஸாம் சட்டமன்றத்தில் நுழைந்தார். 1937இல் சாதுல்லா அமைச்சரவையிலும், 1946இல் கோபிநாத் பர்தோலாய் அமைச்சரவையிலும் அமைச்சராக இருந்தார். அரசியல் நிருணய சபையின் உறுப்பினராகவும் பணியாற்றினார். 1959இல் மறைந்தார்.

அவர் பெயர் நிலைத்ததற்குக் காரணம் அரசியலமைப்பின் ஆறாம் அட்டவணை. வடகிழக்கு மலைகளின் எதிர்காலத்தை ஆராய அமைக்கப்பட்ட பர்தோலாய் துணைக்குழுவில் அவரும் ஏ. வி. தக்கரும் ரூப்நாத் பிரம்மாவும் உறுப்பினர். 1947இல் அக்குழு மலைப்பகுதிகளில் சுற்றி மக்களின் கருத்தைக் கேட்டது. அதன் விளைவாக எழுந்த ஆறாம் அட்டவணை, மாவட்டக் கவுன்சில்களை அமைத்து, நிலம், ஒதுக்கப்படாத காடு, மாற்றிட வேளாண்மை, வாரிசுரிமை, ஊர் நீதிமன்றம் முதலியவற்றில் சட்டமியற்றும் அதிகாரத்தை மலை மக்களுக்கே அளித்தது. 1949 செப்டம்பரில் விவாதம் நடந்தபோது, இது பிரிவினைக்கு வழிவகுக்கும் என்று குலதர் சாலிஹா போன்றோர் கடுமையாக எதிர்த்தனர். நிக்கோல்ஸ் ராய் மலை மக்களின் ஜனநாயக மரபை எடுத்துக்கூறி அதனை ஆதரித்துப் பேசினார்.

இங்கே இரண்டு செய்திகளைக் குறிக்கவேண்டும். முதலாவது, அவர் பெற்றுத்தந்த பாதுகாப்பு கிறித்தவருக்கு மட்டும் உரியதன்று. தொன்மைச் சமயத்தில் நிலைத்த காசி மக்களுக்கும் அதே உரிமை கிடைத்தது. இரண்டாவது, அவருடைய மக்களிலேயே பலர் அவ்வட்டவணை போதாது என்று குறைகூறினர். அரசியலில் இறங்கிய போதகர் எல்லாருக்கும் போதகராக இருத்தல் அரிது. ஒரு பகுதியார் கண்ணில் அவர் எதிர்க்கட்சிக்காரரே. மேகாலயா தனி மாநிலமானது அவர் மறைவிற்குப் பின், 1972இல்.

நம் மலைக்கும் இதற்கும் தொடர்பு உண்டு. தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர் ஆகிய தொல்குடியினர் நீலகிரியில் வாழ்கின்றனர். ஆயினும் தமிழ்நாட்டின் எந்த மலையும் அரசியலமைப்பின் ஐந்தாம் அட்டவணையிலோ ஆறாம் அட்டவணையிலோ இல்லை. கூடலூரில் 1969ஆம் ஆண்டு ஜன்ம நில ஒழிப்புச் சட்டத்திற்குப் பின்னும் நில உரிமை வழக்குகள் பல்லாண்டுகள் இழுத்துச் சென்றன. நிலம், வீடு, ஊதியம் ஆகியவை சட்டமன்றத்தில் தீர்மானிக்கப்படும் காரியங்கள். அவற்றைச் ‘சேறு’ என்று தள்ளிவிட்ட என் விடை, அச்சேற்றில் வாழ்வோரையும் சேர்த்துத் தள்ளிவிட்டது.

4. திருமறையின் ஒளியில்

பாகப்பிரிவினைக்கு நடுவராகுமாறு ஒருவன் வேண்டியபோது ஆண்டவர் மறுத்தார் (லூக்கா 12). போதகர் அரசியலுக்குச் செல்லலாகாது என்போர் இப்பகுதியைக் காட்டுவர். ஆனால் அவர் அத்துடன் நிறுத்தாமல், அவ்வேண்டுதலின் அடியிலிருந்த பொருளாசையை வெளிப்படுத்தினார். நீதியின்மேல் அக்கறையின்மை அங்குக் காணப்படவில்லை. அப்போஸ்தலர் 6ஆம் அதிகாரத்தில், விதவைகளின் பந்தி விசாரிப்பில் குறை எழுந்தபோது, பன்னிருவர் தாம் அப்பணியை ஏற்கவில்லை. அதனை அற்பமானதென்று ஒதுக்கவுமில்லை. ஆவியும் ஞானமும் நிறைந்த எழுவரைச் சபை தெரிந்துகொள்ளச் செய்து, அவர்கள்மேல் கைகளை வைத்தனர். சாமுவேல் ஆசாரியப் பணியும் நியாயம் தீர்க்கும் பணியும் ஒருங்கே செய்தார். எனினும் அவர் குமாரர் பரிதானம் வாங்கியதையும் அதே நூல் மறைக்காமல் கூறுகிறது.

இவற்றிலிருந்து நாம் பெறும் முடிவு யாது? போதகர் சட்டமன்றம் செல்வது பாவமன்று. அது அவருடைய இயல்பான பணியுமன்று. அசாதாரணமான அழைப்பு அது. அதனைச் சோதித்தறிய நான்கு வினாக்களை மாணவர்முன் வைக்கிறேன்.

ஒன்று: இப்பணியைச் செய்யத்தக்க சபையார் ஒருவரும் இல்லையா? இருப்பின், அவரை ஆயத்தப்படுத்துவதே போதகரின் பணி. இரண்டு: தம் சபையைச் சாராத மக்களுக்காகவும் அவர் செல்கின்றாரா? கிறித்தவரின் நலனை மட்டும் காக்கச் செல்பவர் லேலண்டின் வழியிலும் செல்லவில்லை, நிக்கோல்ஸ் ராயின் வழியிலும் செல்லவில்லை. மூன்று: வேட்புமனு அளிக்குமுன் குருசேகரப் பொறுப்பிலிருந்து விலக அவர் ஆயத்தமா? ஞாயிறு காலையில் நற்கருணை வழங்கிய கையே மாலையில் வாக்குக் கேட்டு நீளுமாயின், எதிர்க்கட்சிக்கு வாக்களிக்கும் ஏழைச் சகோதரி அடுத்த ஞாயிறு அப்பந்திக்கு எவ்வாறு வருவாள்? நான்கு: தோல்வியுற்றால், அல்லது கட்சிக் கட்டளை மனச்சாட்சிக்கு முரணானால், திரும்பி வர அவருக்கு மனமுண்டா?

இந்நான்கில் மூன்றாவதே கடினமானது என்று கருதுகிறேன். நாட்டுச் சட்டமும் திருவிருந்தின் ஒழுங்கும் அங்கு ஒரே குரலில் எச்சரிக்கின்றன.

அந்நால்வருக்கு அன்று நான் வேறு விடை கூறியிருக்கவேண்டும். “நான் நிற்கமாட்டேன். ஆனால் உங்களில் ஒருவர் நிற்கவேண்டும். மனு எழுதக் கற்றுத்தருகிறேன், சட்டத்தைப் படித்துச் சொல்கிறேன், உங்களுக்காக ஜெபிக்கிறேன். பிரசங்க பீடத்திலிருந்து மட்டும் உங்கள் பெயரைச் சொல்லமாட்டேன்” என்று கூறியிருக்கலாம். அவர்களுள் மூவர் இன்று இல்லை. நான்காமவரின் பேத்தி அண்மையில் உள்ளாட்சித் தேர்தலைப் பற்றி என்னிடம் ஆலோசனை கேட்டு வந்தாள். இம்முறை அவளை ஜெபித்து மட்டும் அனுப்பவில்லை. ஒரு நாள் முழுவதும் அவளோடு அமர்ந்து சட்டநூலைப் படித்தேன்.