சம்பளம் நின்றால், வேலை போனால்: மலை ஆசிரியருக்கு என்ன வழி?

ஜவ்வாது மலையில் அரசுப் பழங்குடியினர் உண்டு உறைவிடப் பள்ளி, வனத்துறைப் பள்ளி, தனியார் பள்ளி எனப் பல வகை உண்டு. பாடம் நடத்தும் வேலை எல்லா ஆசிரியருக்கும் ஒன்றுதான். ஆனால் சம்பளம் நின்றாலோ, ‘நாளையிலிருந்து வர வேண்டாம்’ என்று சொல்லிவிட்டாலோ, போக வேண்டிய இடம் ஆளுக்கு ஆள் மாறும். அதனால் நியமன ஆணையைக் கொடுத்தது யார் என்று முதலில் பாருங்கள்.

பலருக்கு உடனே நினைவுக்கு வருவது தொழிலாளர் நீதிமன்றம். அங்கே ஆசிரியருக்கு இடமில்லை. கோவா ஆசிரியை ஒருவர் தொடுத்த சுந்தராம்பாள் வழக்கில், அன்றைய தொழில் தகராறு சட்டம் சொன்ன ‘தொழிலாளர்’ என்ற வரையறைக்குள் ஆசிரியர் வரமாட்டார் என்று 1988இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

அரசுப் பள்ளி என்றால்

நிரந்தர ஆசிரியருக்கு அரசமைப்பின் 311ஆவது பிரிவு பாதுகாப்பு தருகிறது. குற்றச்சாட்டைத் தெரிவித்து, விளக்கம் கேட்டு, விசாரணை நடத்திய பிறகே பணிநீக்கம் செய்யலாம். மீறினால் துறைக்கு மேல்முறையீடு செய்யலாம். அதற்கடுத்து சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. தொகுப்பூதிய ஆசிரியரும் சம்பள பாக்கிக்கு ரிட் மனு போடலாம். நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைச் செய்யும் தற்காலிக ஊழியருக்கு அந்தப் பணிக்குரிய குறைந்தபட்ச ஊதியம் உண்டு என்பது 2016ஆம் ஆண்டு ஜக்ஜித் சிங் வழக்கின் தீர்ப்பு.

தனியார் பள்ளி என்றால்

கல்வித் துறையின் முன் அனுமதி இல்லாமல் ஆசிரியரை நீக்கக் கூடாது என்றது 1973ஆம் ஆண்டுத் தமிழ்நாடு தனியார் பள்ளிகள் சட்டத்தின் 22ஆவது பிரிவு. அதற்குப் பதிலாக வந்த 2018ஆம் ஆண்டுச் சட்டம் 2023 முதல் நடைமுறையில் இருக்கிறது. உங்களை நீக்கிய தேதிக்கு எந்தச் சட்டம் பொருந்தும் என்று வழக்கறிஞரிடம் கேளுங்கள். சம்பள பாக்கிக்கு உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போடலாம். காலக்கெடு மூன்று ஆண்டு. ஒவ்வொரு மாதச் சம்பளத்துக்கும் அது தனித்தனியாக ஓடும்.

இடைக்காலச் சம்பளம்

மகாராஷ்டிர ஆசிரியை ஒருவரின் வழக்கில் 2013இல் உச்ச நீதிமன்றம் சொன்னது முக்கியமானது: நீக்கம் தவறென்றால், மீண்டும் வேலையும், நீக்கப்பட்டிருந்த காலத்துக்கான இடைக்காலச் சம்பளமும் தருவதே பொது விதி. அந்தக் காலத்தில் வேறு வருமானம் இல்லை என்பதை ஆசிரியர் தம் மனுவில் சொல்லிவிட வேண்டும். இருந்தது என்று மெய்ப்பிப்பது நிர்வாகத்தின் பொறுப்பு.

இன்றே செய்ய வேண்டியவை

நியமன ஆணை, பாஸ்புக், வருகைப் பதிவேட்டின் படம், தலைமையாசிரியர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகள் எல்லாவற்றையும் பத்திரப்படுத்துங்கள். வெற்றுத்தாளிலோ, கைக்கு வராத தொகைக்கான வவுச்சரிலோ கையெழுத்திடாதீர்கள். ‘ராஜினாமா எழுதிக் கொடுங்கள், பாக்கியைத் தருகிறோம்’ என்றால் மறுத்துவிடுங்கள்; எழுதிக் கொடுத்த பிறகு அது பணிநீக்கமே அல்ல என்று நிர்வாகம் வாதிடும்.

வக்கீலுக்குப் பணமில்லையே என்று தயங்க வேண்டாம். 1987ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி பெண்களுக்கும் பழங்குடியினருக்கும் பட்டியல் சாதியினருக்கும் வருமான வரம்பு இல்லாமல் இலவச வழக்கறிஞர் உண்டு. 15100 என்ற எண்ணில் அழைக்கலாம். இந்த மலையின் புலியூரைச் சேர்ந்த ஸ்ரீபதி 2024இல் உரிமையியல் நீதிபதியாகத் தேர்வானார். நீதிமன்றம் மலை மக்களுக்கு எட்டாத இடமில்லை.

பாக்கியைக் கேட்டு இந்த மாதமே ஒரு கடிதம் எழுதி, ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி, ரசீதை எடுத்து வையுங்கள். வாய்வார்த்தையை நம்பிக் காத்திருக்கும் ஒவ்வொரு மாதமும் உங்கள் காலக்கெடுவில்தான் கழிகிறது.