விரலால் அளந்த அடி

சுட்டுவிரலை நீட்டிப் பாருங்கள். அதன் மூன்று எலும்புகளில் உள்ளங்கையை ஒட்டியது நீளம். மற்ற இரண்டும் குட்டை. கிரேக்க மொழியில் 'தாக்டுலோஸ்' என்றால் விரல். நெடில், குறில், குறில் என வரும் 'தாக்டில்' சீருக்கும் அதே பெயர் அமைந்ததற்கு இந்த விரல் கணக்கைத்தான் காரணமாகச் சொல்வார்கள்.

நமக்கு இது அந்நியமில்லை. 'பாரதி' என்று சொல்லிப் பாருங்கள்: பா நெடில், ர, தி குறில்கள். அசல் தாக்டில். நம் யாப்பில் நேர்நிரை, அதாவது கூவிளம். இந்தச் சீரை அடிப்படையாக வைத்து ஆறு சீர் கொண்ட ஹோமரின் காப்பிய அடிக்கு ஹெக்சாமீட்டர் என்று பெயர். முதல் நான்கு சீர்களில் இரு குறிலுக்குப் பதிலாக ஒரு நெடில் வரலாம். ஐந்தாவது பெரும்பாலும் தாக்டில், ஆறாவது ஈரசை.

இதை ஜெர்மன் மொழிக்குக் கொண்டுபோனபோதுதான் வம்பு. அங்கே செய்யுளை நடத்துவது மாத்திரை அல்ல, அழுத்தம். ஹாம்பர்க் ஊர்க்காரரை 'ஹாம்பூர்கர்' என்பார்கள். ஒற்றடுத்த குறிலும் நெடிலாக எண்ணப்படும் கிரேக்கக் கணக்கில் அதன் முதல் இரண்டு அசையுமே நெடில். ஜெர்மன் காதிலோ முதல் அசை மட்டும் ஓங்கி விழுகிறது. ஆகவே அது தாக்டில்! நெடில் இருந்த இடத்தில் அழுத்தத்தை உட்கார வைத்துவிட்டார்கள். கிரேக்கம் கற்றவர்களுக்கு இது உறுத்தலாம். ஆனால் சொந்தக் காதை நம்பாமல் எந்த மொழியிலும் செய்யுள் ஓடாது.

1748இல் ஜெர்மன் கவிஞர் கிளாப்ஸ்டாக் 'மெசியாஸ்' காப்பியத்தின் முதல் மூன்று காண்டங்களை இந்த யாப்பில் வெளியிட்டார். முழுவதும் முடிய 1773 ஆயிற்று. 1781இல் பள்ளி ஆசிரியர் யோஹான் ஹைன்ரிஷ் ஃபாஸ் ஹோமரின் ஒடிசியையே ஜெர்மன் ஹெக்சாமீட்டரில் தந்தார். இரண்டு நெடில் சேர்ந்த 'ஸ்பாண்டி' சீர்தான் எல்லோரையும் திணறடித்தது. சம அழுத்தத்தோடு அடுத்தடுத்து இரண்டு அசைகள் ஜெர்மனில் எளிதில் அகப்படுவதில்லை.

கவிஞர் கதே இதற்கெல்லாம் அலட்டிக்கொள்ளவில்லை. காதலியின் முதுகில் விரல்களால் ஹெக்சாமீட்டரை எண்ணியதாகக் கவிதையிலேயே சொன்னவர் அவர். 1797இல் வந்த அவருடைய 'ஹெர்மனும் டொரோதேயாவும்' காப்பியத்தில் ஓர் அடிக்கு ஏழு சீர் இருப்பதை ஃபாஸின் மகன் சுட்டிக்காட்டினார். அந்த ஏழுகால் விலங்கு ஓர் அடையாளமாக நிற்கட்டும் என்று கதே விட்டுவிட்டாராம். இரண்டாம் காண்டத்தில் அது இன்றும் ஏழு காலோடுதான் நிற்கிறது.